டைரியில் நான் போட்ட கையெழுத்து

என் பிள்ளை மக்கு என்று பெற்ற தாயே நம்பிவிட்ட ஒரு காலம் இருந்தது, சபையாரே. அந்தத் தாய் நான்தான். கர்த்தர் என் மகளை எப்படித் திருப்பித் தந்தார் என்று சொல்லத்தான் நிற்கிறேன். பாதி வெட்கத்தோடுதான் சொல்லுவேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

நானும் என் வீட்டுக்காரர் தங்கராஜும் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து எண்பதுகளின் நடுவில் திருப்பூருக்குப் பிழைக்க வந்தோம். அவருக்குத் துணி வெட்டுகிற கட்டிங் வேலை. நான் நெருப்பெரிச்சல் என்கிற ஊரில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங். தைத்து வருகிற பனியனை ட்யூப்லைட்டுக்குக் கீழே விரித்து, ஓட்டை, கறை எங்கே இருந்தாலும் அந்த இடத்தில் ஒரு சிவப்பு அம்பு ஸ்டிக்கரை ஒட்ட வேண்டும். அதுதான் செக்கிங். "செல்வத்தக்கா கண்ணுக்குத் தப்பி ஒரு டேமேஜ் போவாதுங்க" என்று சூப்பர்வைசர் எல்லோரிடமும் சொல்லுவார். எனக்குத் தலைகால் புரியாது.

மகள் கிருபாவைப் பள்ளியில் சேர்க்கிற வயது வந்தது. வீட்டிலிருந்து நாலு எட்டில் அரசாங்கப் பள்ளிக்கூடம். "இங்கனயே சேத்துருவோம், செல்வம். நம்ம கண்ணு முன்னால கெடக்கட்டும்" என்றார் அவர். நான் விடுவேனா? கம்பெனியில் சரக்கு வாங்க வருகிற வெளிநாட்டு பையரிடம் இங்கிலீஷ் பேசுகிறவர்கள் ஏசி ரூமில் உட்கார்ந்திருப்பதைத் தினமும் பார்க்கிறவள். என் மகள் ஸ்டிக்கர் ஒட்டக் கூடாது என்று வைராக்கியம். டவுனில் ஒரு இங்கிலீஷ் மீடியம் பள்ளியில் இடம் கேட்டு மூன்று வெள்ளிக்கிழமை உபவாசம் இருந்தேன்.

இடம் கிடைத்தது. எப்படிக் கிடைத்தது என்று இன்றுதான் சபையில் சொல்கிறேன். பள்ளியில் சேர்க்கிற பாரத்தில் தாயின் படிப்பு என்று ஒரு கட்டம். நான் எட்டாவது, அதுவும் தமிழில். தாய்க்கு இங்கிலீஷ் தெரியாவிட்டால் சேர்க்க மாட்டார்கள் என்று யாரோ சொல்ல, பாரத்தை நிரப்பித் தந்த சூப்பர்வைசரிடம் பி.ஏ. என்று எழுதச் சொன்னேன். அவர் பென்சிலால் பெருக்கல் குறி போட்ட இடத்தில் கையெழுத்துப் போட்டேன். கம்பெனியில் எங்களுக்கு அதுதான் பழக்கம். எந்தத் தாள் வந்தாலும் குறி போட்டிருப்பார்கள், நாங்கள் கையெழுத்துப் போடுவோம். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டதே கிடையாது. அந்தப் பொய்யோடு போய், இதே இடத்தில் நின்று, கர்த்தர் என் மகளுக்கு இங்கிலீஷ் மீடியத்தில் இடம் தந்தார் என்று கண்ணீரோடு சாட்சி சொன்னேன். நீங்களும் ஸ்தோத்திரம் சொன்னீர்கள்.

இரண்டு வருடம் எப்படியோ ஓடியது. மூன்றாவதில் எல்லாம் சரிந்தது. கரும்பலகையில் இருப்பதைப் பார்த்து எழுதச் சொன்னால் கிருபா தப்புத் தப்பாக எழுதி வருவாள். பக்கத்து வீட்டில் டிவி பெட்டிக்கு மூக்கை ஒட்டிக்கொண்டு உட்காருவாள். கொழுப்பு என்று நினைத்தேன். மார்க் எல்லாம் சிவப்பு மையில் வந்தது. "ஏட்டி, பாத்து எழுத என்ன வலிக்கி? கண்ணு என்ன பொடதியிலயா இருக்கு?" என்று முதுகில் போட்டேன். ஒரு தடவை இல்லை. பல தடவை.

பள்ளியில் தினமும் டைரியைக் கொடுத்துவிடுவார்கள். மிஸ் ஏதாவது எழுதியிருப்பார், பெற்றோர் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். பனியன் லேபிளில் இருக்கிற பெரிய எழுத்து என்றால் நானும் எழுத்துக்கூட்டி விடுவேன். மிஸ் எழுதுவதோ கூட்டெழுத்து, நூல் பிரிந்தது போல் இருக்கும். யாரிடமாவது கேட்டால் பி.ஏ. குட்டு உடைந்துவிடுமே! உண்மை தெரிந்த சூப்பர்வைசரிடம் தினமும் டைரியை நீட்டவும் கூச்சம். வீட்டுக்காரருக்கும் அதே எட்டாவதுதான். ஆகவே கையெழுத்து, அடுத்த நாளும் கையெழுத்து. பெற்றோர் கூட்டம் என்றால் "ஷிப்மெண்ட் இருக்கு" என்று சொல்லிவிடுவேன். போனால் இங்கிலீஷில் ஏதாவது கேட்டு வைப்பார்களே என்று நடுக்கம்.

அரையாண்டுப் பரீட்சைக்குப் பிறகு, இந்த நிலையில் நாலாம் வகுப்புக்கு ஏற்ற முடியாது, வேறு பள்ளி பார்க்கிறீர்களா என்று ஆபீஸிலிருந்து ஆள் அனுப்பிச் சொன்னார்கள். அன்றைக்கும் நான் பிள்ளைக்காக ஜெபிக்கவில்லை. "ஆண்டவரே, சாட்சி சொல்லிவிட்டேனே, சபை முன்னால் என் முகத்தைக் காப்பாற்றும்" என்றுதான் ஜெபித்தேன். பதில் வரவில்லை. எப்படி வரும்?

ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆராதனைக்குக் கிளம்புகிற நேரம். வேலை முடிந்து வரும்போது என் சேலையில் எப்போதும் இரண்டு ஸ்டிக்கராவது ஒட்டிக்கொண்டு வரும். கிருபா அதை எடுத்துச் சேர்த்து வைத்து விளையாடுவாள். அன்று புதுக் கவுன் போட்டுக்கொண்டு வந்து நின்றாள். நெஞ்சில் ஒரு சிவப்பு அம்பு.

"என்னட்டி இது?"

"நானும் டேமேஜாம்மா?"

கேலியாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். அவளை இழுத்து மடியில் போட்டுக்கொண்டு அழுதேன். சாட்சி போகட்டும், மானம் போகட்டும், இங்கிலீஷும் போகட்டும். "ஆண்டவரே, எந்தப் பள்ளிக்கூடமானாலும் சரி. என் பிள்ளைக்கு என்ன குறை என்று எனக்குக் காட்டும்" என்றேன். மூன்று வருடத்தில் நான் செய்த முதல் உண்மையான ஜெபம் அதுதான்.

அந்த வாரமே டி.சி. வாங்கி, நாலு எட்டில் இருந்த பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப்போனோம். அங்கே மூன்றாம் வகுப்புக்கு சரோஜா டீச்சர், அவிநாசிபாளையத்துக்காரர். என்னை வராண்டாவில் உட்கார வைத்துவிட்டு, கிருபாவைக் கடைசி வரிசையில் நிறுத்தி, பலகையில் இருப்பதைப் படிக்கச் சொன்னார். இவள் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நின்றாள். திட்டப்போகிறார் என்று நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

"பயப்படாதே கண்ணு. ஒரு எட்டு முன்னால வா. இப்பத் தெரியுதா? இன்னொரு எட்டு வா."

இப்படியே பலகைக்கு ஒரு முழம் வரைக்கும் வந்துவிட்டாள். வந்ததும் படபடவென்று வாசித்தாள் பாருங்கள்! ஒரு எழுத்துத் தப்பவில்லை. டீச்சர் வெளியே வந்தார்.

"ஏனுங்க, புள்ளையக் கண்ணு டாக்டருகிட்டக் காட்டினீங்களா?"

"இல்லீங்க டீச்சர்."

"அறிவெல்லாம் நெம்ப நல்லா இருக்குதுங்க. பலகைதான் தெரியலீங்க அதுக்கு."

ஊசி முனை ஓட்டையைக் கண்டுபிடிக்கிற கண்ணுக்கு, பெற்ற பிள்ளையின் கண் தெரியவில்லை. மறுநாளே லீவு போட்டு ஆஸ்பத்திரிக்குப் போனோம். கிட்டப்பார்வை, கண்ணாடி போட்டால் போதும் என்றார் டாக்டர். அவ்வளவுதானா என்று இரண்டு தடவை கேட்டேன். அவ்வளவுதான் என்றார். ஸ்தோத்திரம், ஸ்தோத்திரம் என்று அங்கேயே வாய்விட்டுச் சொன்னேன்.

அடுத்த ஞாயிறு இங்கே நடந்தது உங்களில் சிலருக்கு ஞாபகம் இருக்கும். நாங்கள் எப்போதும் போல் கடைசி பெஞ்சில் இருந்தோம். போதகர் ஐயா பாட்டு நம்பரைச் சொல்வதற்கு முன்னாலேயே ஒரு பிள்ளை சுவரில் தொங்கும் பாட்டுப் பலகையைப் பார்த்து எண்களைச் சத்தமாக வாசித்ததே, அது புதுக் கண்ணாடி போட்ட கிருபாதான். "அம்மா, அங்க நம்பர் எழுதிப்போட்டிருக்கு!" என்றாள். அத்தனை நாளும் அதை வெறும் பலகை என்று நினைத்திருக்கிறாள்.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. எந்தப் பாடம் வரை நடந்தது என்று பார்க்க, பழைய டைரியைக் கொண்டுவரச் சொன்னார் சரோஜா டீச்சர். புரட்டிக்கொண்டே வந்தவர் ஒரு பக்கத்தில் நின்றார். அப்புறம் இன்னொரு பக்கம். என்னை ஏறிட்டுப் பார்த்துவிட்டு மெதுவாகத் தமிழில் சொன்னார். "உங்கள் மகளுக்குப் பலகை தெரியவில்லை போலிருக்கிறது, தயவுசெய்து கண் பரிசோதனை செய்யுங்கள்" என்று அந்த மிஸ் நாலு இடத்தில் எழுதியிருந்தார். முதலாவது ஜூலையில். நாலுக்கும் கீழே என் கையெழுத்து, அழகாக, சாய்வாக.

அந்த மிஸ்ஸைத் தேடிப் போனேன். வாசலிலேயே கையைப் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னேன். "நான் மதுரைக்காரிதாம்மா. தமிழ்லயே எழுதியிருப்பேன். பாரத்துல பி.ஏ.ன்னு இருந்துச்சு, அதான்..." என்றவர் கண்ணும் கலங்கிவிட்டது. நான் கேட்பதற்கு முன்பே கர்த்தர் பதில் அனுப்பிவிட்டார், சபையாரே. நாலு தடவை. நான்தான் பொய்யைச் சொல்லி அதைப் பூட்டி வைத்தேன்.

இப்போது கிருபா ஏழாவது. வகுப்பில் முதல் மூன்றுக்குள் வருகிறாள். சின்னவள் ரூத்தை எங்கே சேர்க்கிறாய் என்று கம்பெனியில் கேட்டார்கள். அவளை அந்த மிஸ் இருக்கிற இங்கிலீஷ் பள்ளியிலேயே சேர்த்தோம். அதுவும் நல்ல பள்ளி, இதுவும் நல்ல பள்ளி. கெட்டுப்போனது என் வாய்தான். "எனக்கு இது புரியலீங்க" என்று உங்களால் எந்தப் பள்ளிக்குள் போய் வாய்விட்டுச் சொல்ல முடிகிறதோ, அதுவே உங்கள் பிள்ளைக்கு ஏற்ற பள்ளிக்கூடம். எந்தத் தாளில் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போடுகிறீர்களோ, அதை இன்றைக்கே ஆண்டவர் முன்னால் விரித்து வையுங்கள். பக்கத்தில் இருக்கிறவரிடமும் கேளுங்கள். ஆண்டவர் வெட்கப்படுத்த மாட்டார். என்னை வெட்கப்படுத்தவில்லை.

ரூத்துக்குப் பாரம் வாங்கி வந்த அன்று கிருபாதான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். ஒவ்வொரு வரியாக எழுத்துக்கூட்டி வாசித்து எனக்குத் தமிழில் சொன்னாள். தாயின் படிப்பு என்ற கட்டம் வந்ததும் பேனாவை நிறுத்தி, "என்னம்மா எழுத?" என்றாள்.

"எட்டாவதுன்னு எழுதுட்டி" என்றேன். எழுதினாள். அதற்குப் பிறகுதான் நான் கையெழுத்துப் போட்டேன்.