பன்னிரண்டாம் எண் வீட்டில் ஆளில்லை

தையல் மெஷின் பழுதுபார்க்கும் அந்த மனிதருக்குத் தாள் என்றால் உயிர். படிப்பு எட்டாவதோடு நின்றிருந்தாலும் மனு எழுதும் முறையைத் தாமே கற்றுக்கொண்டவர். வந்த கடிதம், அனுப்பியதன் நகல், கட்டியதற்கான ரசீது என அனைத்தும் தேதிவாரியாக ஆறு கோப்புகளில் அடங்கியிருந்தன. அத்தகையவரின் மகளுக்கு வந்த வேலை உத்தரவுதான், 'வீட்டில் ஆளில்லை' என்ற குறிப்புடன் தபால் நிலையத்துக்கு இரண்டு முறை திரும்பிப் போயிருந்தது. வெள்ளிக்கிழமைக்குள் கைக்கு வராவிட்டால் வேலை அடுத்தவருக்கு.

கையெழுத்து வாங்கவேண்டிய தபாலுக்கு மட்டுமே தபால்காரர் மாடி ஏறுவார். அதையும் குடியிருப்பின் வாசலில் சங்கம் தொங்கவிட்டிருக்கும் பட்டியலைப் பார்த்த பிறகே செய்வார். பட்டியலில் இவர்கள் வீடான பன்னிரண்டாம் எண்ணுக்கு நேரே 'ஆளில்லை' என்றிருந்தது.

மெஷின் பழுதுபார்ப்பவர் ஆறு கோப்புகளையும் சுமந்துகொண்டு குடியிருப்போர் சங்கச் செயலாளரிடம் போனார்.

"அஞ்சு வருஷமா குத்துக்கல்லாட்டம் இங்கதான் சார் இருக்கேன். மாசாமாசம் சந்தா கட்டறேன்."

"வெளியூர்ல இருக்கறவங்களும்தான் சார் கட்டறாங்க," என்ற செயலாளர், தம் கோப்பிலிருந்து ஒரு தாளை உருவினார். "இது உங்க கையெழுத்துதானே?"

முத்து முத்தான எழுத்து. 'பத்து நாள் வெளியூர் செல்கிறோம். திரும்பியதை எழுத்துமூலம் தெரிவிக்கும்வரை வீட்டில் ஆளில்லை எனக் கொள்ளவும்.' ஐந்தாண்டுக்கு முந்தைய தேதி.

"திரும்பி வந்ததா லெட்டர் வரலையே," என்றார் செயலாளர் தணிந்த குரலில்.

மெஷின்காரர் ஒரு வெள்ளைத்தாளை எடுத்தார். அங்கேயே உட்கார்ந்து, தாமதத்துக்கு வருத்தம் தெரிவித்து, திரும்பிவிட்டதாக எழுதினார். அண்டை வீட்டார் ஒருவரின் சாட்சிக் கையெழுத்து வேண்டுமாம்.

எதிர்வீட்டு அம்மாளின் இருமல் அவருக்குத் தெரியும், முகம் தெரியாது. கதவைத் தட்டினார்.

"நீங்களா? செடிக்குத் தண்ணி ஊத்த யாரோ வந்து போறாங்கன்னுல்ல நெனச்சேன்."

"அது நான்தாம்மா."

"அப்ப காலையில பாட்டு?"

"என் சம்சாரம் பாடறது."

"அடக் கடவுளே. ரேடியோவ நிறுத்தாம ஊருக்குப் போயிட்டாங்கன்னு தெனம் திட்டுவேன். ஆனா நல்லாத்தான் பாடறாங்க."

சாட்சிப் படிவத்தில் 'எவ்வளவு காலமாகத் தெரியும்' என்ற இடத்தில் அந்த அம்மாளின் பேனா தயங்கியது. பொய் எழுதச் சொல்ல அவருக்கும் மனம் வரவில்லை. சிறிது யோசித்த அம்மாள், 'ஐந்தாண்டுகளாக, சத்தத்தை வைத்து' என்று எழுதிக் கையெழுத்திட்டார். செயலாளர் அதை இருமுறை படித்துவிட்டு முத்திரை குத்தினார்.

வியாழக்கிழமை தபால்காரர் மாடி ஏறி வந்தார். மகள் கையெழுத்திட்டுக்கொண்டிருக்கையில் எதிர்க்கதவும் திறந்தது.

"வந்துடுச்சாம்மா?"