பச்சை கேட்டுப் பெண்

என் வீட்டுக்காரருக்குப் பள்ளி வேன் ஓட்டுவது தொழில். பன்னிரண்டு பிள்ளைகள். அவரவர் வீட்டு அடையாளம்தான் அவருக்குக் கணக்கு: 'வளைவுப் படி', 'நீல ஜன்னல்', 'பச்சை கேட்டு'. போனிலும் அப்படியே பதிந்து வைத்திருப்பார். நான் கிண்டல் செய்தால், வீடு எங்கே ஓடிவிடப் போகிறது என்பார். மாதத்துக்கு ஒரு வீட்டை இடித்து அடுக்குமாடி கட்டும் ஏரியாவில் இருந்துகொண்டு இப்படிப் பேச ஒரு தைரியம் வேண்டும்.

போன மாதம் அவருக்குக் கண்புரை எடுத்து ஒரு கண்ணில் கட்டுப் போட்டார்கள். ஒரு வாரம் ஓட்டக்கூடாது. என் தம்பியைக் கூப்பிட்டு, யாரை எங்கே இறக்க வேண்டும் என்று வாயாலேயே பாடம் எடுத்தார்.

முதல் நாளே நாலரை மணிக்குப் போன் வந்தது. பச்சை கேட்டுப் பெண்ணின் அம்மா. மகள் இன்னும் வீட்டுக்கு வரவில்லை என்றார். ஐந்து வயதுப் பிள்ளை. தம்பிக்குப் போன் போட்டேன். தூங்கிக்கொண்டிருந்த பிள்ளையை எழுப்பி, பச்சை கேட்டு வாட்ச்மேனிடம் அப்போதே ஒப்படைத்துவிட்டதாகச் சொன்னான்.

"அந்த வீட்டுல ஏதுடா வாட்ச்மேன்?" என்றேன்.

பக்கத்தில் இவர் முகம் செத்துப்போயிற்று. அந்த கேட்டுக்குப் போன வருடமே கறுப்பு பெயின்ட் அடித்துவிட்டார்களாம். சொல்ல மறந்துவிட்டாராம். இப்போது அந்தத் தெருவில் பச்சை கேட்டு உள்ளவை மூன்று அடுக்குமாடிகள். அதில் எதில் விட்டான் என்று தம்பிக்கே சொல்லத் தெரியவில்லை.

அந்த அம்மாவுக்கு விஷயத்தைச் சொல்லிவிட்டு, கண்கட்டோடு இவரை இழுத்துக்கொண்டு ஓடினேன். திட்டுவதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன். முதல் இரண்டு இடத்திலும் கையை விரித்துவிட்டார்கள். மூன்றாவது வாட்ச்மேன், ஒரு பிள்ளை உள்ளே இருப்பதாகச் சொன்னார்.

"பேரைச் சொல்லுங்க, அனுப்புறேன்."

இவர் என்னைப் பார்த்தார். நான் இவரைப் பார்த்தேன். ரெட்டை ஜடை, சிவப்புப் பை, ஜன்னலோரம் இல்லாவிட்டால் அழும் என்று இவர் அடுக்கிக்கொண்டே போனார். வாட்ச்மேன் கேட்டைச் சாத்திவிட்டார். அவர் இடத்தில் நானும் அதைத்தான் செய்திருப்பேன்.

அதற்குள் அந்த அம்மா மூச்சிரைக்க ஓடி வந்து மகள் பெயரைச் சொல்லிக் கத்தினார். பிள்ளை உள்ளிருந்து ஓடி வந்து காலைக் கட்டிக்கொண்டது. மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்ட பிறகுதான் அவர் எங்கள் பக்கம் திரும்பினார்.

"ரெண்டு வருஷமா கூட்டிட்டுப் போறீங்களே அண்ணா. பேருகூடத் தெரியாதா?"

"தெரியாதும்மா," என்றார் இவர். "ஒரு பிள்ளை பேரும் தெரியாது."