எலும்பு வரை வந்த கடல்

அண்ணியின் மைக்ராஸ்கோப் எங்கள் ஆவடி குவார்ட்டர்ஸ் வீட்டில், சாமி அலமாரிக்குப் பக்கத்தில், பழைய துண்டைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்கும். அண்ணனுக்கு ராணுவத் தொழிற்சாலையில் வேலை. அண்ணி வேலப்பன்சாவடிப் பக்கம் ஒரு கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுத்தார். கடலில் மிதக்கும் ஊசி வடிவ டயாட்டம்களை ஆராய்ந்து பட்டம் வாங்கியவர். டயாட்டம் என்பது கண்ணுக்குத் தெரியாத ஒற்றைச் செல் பாசி. அதன் ஓடு கண்ணாடி போன்றது. ஒருமுறை எனக்குக் காட்டினார். வெளிச்சத்தில் கண்ணாடி ஊசிகள் சிதறிக் கிடந்தன. "ஊசி மாதிரி இருக்கறதெல்லாம் ஒரே குடும்பம்னு நெனச்சுடாதே" என்றார்.

எண்பதுகளின் கடைசியில் ஒரு கோடை. எதிர் பிளாக்கில் இருந்த, தொழிற்சாலையில் கடைசல் பிடிக்கும் டர்னர் ஒருவரின் மகன் வெள்ளானூர் பக்கத்து ஏரியில் பிணமாக மிதந்தான். குடித்துவிட்டுக் குளிக்க இறங்கியிருப்பான் என்றது போலீஸ். "எம்புள்ள கணுக்கால் தண்ணியிலகூட நிக்க மாட்டானே" என்று அவன் அம்மா மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். பாடையின் முன்பக்கத்தைத் தூக்கியவன் அவனுடைய உயிர் நண்பன். அடுத்த தெருக்காரன். காரியம் முடிந்த பிறகும் தினமும் வந்து அந்த அம்மாவுக்குக் காய்கறி வாங்கிக் கொடுத்தான். இப்படி ஒரு பிள்ளையா என்று குவார்ட்டர்ஸே மெச்சியது.

அந்த அம்மாவின் பிடிவாதத்தால் பிரேதப் பரிசோதனையில் தொடை எலும்பின் மஜ்ஜையையும் எடுத்திருந்தார்கள். மூழ்குகிறவன் தண்ணீரை மூச்சோடு இழுக்கும்போது அதிலுள்ள டயாட்டம்கள் ரத்தத்தில் கலந்து எலும்புவரை போய்விடுமாம். மஜ்ஜையில் கிடைத்தவை மெல்லிய ஊசிகள். அவை எந்த வகை என்று பரிசோதனைக்கூடத்தில் யாருக்கும் உறுதியாகத் தெரியவில்லை. அதனால் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அந்த ஊசிகள் படிந்த கண்ணாடித் தகடுகள் போலீஸ் வழியாக அண்ணியிடம் வந்தன.

அவர் வெகுநேரம் குனிந்தே இருந்தார். பக்கத்தில் வைத்த காபியில் ஆடை படிந்தது. நிமிர்ந்தபோது முகம் வெளிறியிருந்தது. "ஏரித் தண்ணி கொஞ்சம் வேணும். நீயும் வா" என்றார்.

ஏரிக்கரையில் வெயில் கொளுத்தியது. நான் பாட்டிலில் தண்ணீர் மொண்டுகொண்டிருந்தேன். பின்னால் சைக்கிள் நிற்கும் சத்தம். அந்த நண்பன்.

"இன்னா அண்ணி, தண்ணி மொண்டுகினு போறீங்க?"

"காலேஜுக்குப்பா."

என் கையிலிருந்து பாட்டிலை வாங்கி வெயிலுக்கு நேராகத் தூக்கிப் பார்த்தான். "ஒண்ணுமே இல்லாத மாதிரி கீது. இதுல இன்னா தெரியும் உங்களுக்கு?" சிரித்தான். பஸ் நிறுத்தம்வரை அவனே பாட்டிலைத் தூக்கிக்கொண்டு வந்தான்.  வழியெல்லாம் என் கையைப் பிடித்திருந்த அண்ணியின் விரல்கள் இறுகிக்கொண்டே வந்தன.

ஏரியிலும் ஊசிகள் இருந்தன. அவற்றையும் மஜ்ஜையில் இருந்தவற்றையும் அண்ணி மாற்றி மாற்றிப் பார்த்தார். ஏரி ஊசியில் சீப்புப் பல்லைப் போல உடம்பின் குறுக்கே நெருக்கமான கோடுகள். மஜ்ஜை ஊசியில் ஓரங்களில் மட்டும் ஒரு வரிசைப் புள்ளிகள், நடுப்பகுதி வெறுமை. "இது உப்புத் தண்ணியில வாழறது. பல கடல்ல இருக்கும். இந்த ஏரியில இருக்க வழியே இல்ல" என்றார். ஆவடியிலிருந்து கடல் எவ்வளவு தூரம் என்று நான் யோசித்தேன். 

அடுத்த சில நாட்கள் அவன் எங்கள் வீட்டுக்கும் வர ஆரம்பித்தான். சிலிண்டர் தூக்கி வைக்கட்டுமா, மாவு அரைத்து வரட்டுமா என்று வாசலில் நிற்பான். பேசும்போது அவன் கண் அலமாரிப் பக்கமே போகும். "போலீஸ்காரங்க வந்தாங்களாமே அண்ணி?" என்று ஒருநாள் கேட்டான். கதவைச் சாத்திவிட்டு அண்ணன் சொன்னார்: "நமக்கு எதுக்கு வம்பு? தெரியலைன்னு எழுதிக் குடுத்துடு."

"தெரியுதே" என்றார் அண்ணி.

எழுதிக் கொடுத்தார். அன்று கடல் பக்கம் போன லாரியைத் தேடிப் போலீஸ் அவனிடம் வந்து சேர்ந்தது. விசாரணையில் அவன் ஒத்துக்கொண்டான். தன் தங்கையோடு அந்தப் பையன் பழகியதற்காக, கடல் பார்க்கலாம் என்று ஒரு லாரியில் கூட்டிப்போய் அலையில் வைத்து அமுக்கியிருக்கிறான். உள்ளூர் ஏரியில் கிடந்தால் யாரும் வேறெங்கும் தேட மாட்டார்கள் என்று தார்ப்பாயில் சுற்றித் திரும்பக் கொண்டுவந்திருக்கிறான். அவனுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. அவன் வீட்டாரோடு சேர்ந்து பாதி பிளாக் எங்களோடு பேசுவதை நிறுத்தியது. அண்ணன் அம்பத்தூரில் வீடு பார்த்தார்.

இன்று அந்த ஏரியைச் சுற்றி வீடுகள். மாலையில் குழந்தைகள் பலூன் வாங்குகிறார்கள். அண்ணி ஓய்வு பெற்றுவிட்டார். கடற்கரைக்குக் கூப்பிட்டால் மட்டும் வரமாட்டார். காரணம் எனக்குத் தெரியும். தீர்ப்பு வந்த மறுநாள் அந்த அம்மா எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். அழவில்லை. அண்ணியின் எதிரில் உட்கார்ந்து கேட்டார்:

"இதயம் துடிச்சாத்தான் அது எலும்புவரைக்கும் போகும்னு கோர்ட்டுல சொன்னீங்களேம்மா. அப்போ தண்ணிக்குள்ள போறப்ப எம்புள்ளைக்கு உசுரு இருந்துச்சா?"

 "இருந்துச்சும்மா" என்றார் அண்ணி.