நரிக்குட்டி ஒளிந்த இடம்

ஸ்டூடியோவில் அவளுக்கு வசனக்கா என்று பேர். வீட்டில் தங்கைக்கு அக்கா, தங்கை மகளுக்குப் பெரியம்மா. எல்லாருக்கும் அவள்மேல் ஒரே புகார்தான்: எதையும் சொன்னால் நம்ப மாட்டாள், தானே குனிந்து பார்த்தாக வேண்டும்.

நிஜமாகவே குனிந்துதான் பார்ப்பாள். சின்னப் பிள்ளைகளுக்கான கார்ட்டூன் தொடருக்கு வாராவாரம் கதை எழுதுகிறவள் அவள். நரிக்குட்டி கட்டிலுக்கடியில் போகிறது என்று எழுத வேண்டுமானால், முதலில் அவள் கட்டிலுக்கடியில் போய் வருவாள். அங்கே எது தலையில் இடிக்கிறது, எது கைக்கு எட்டுகிறது, எந்த ஆணி நீட்டிக்கொண்டிருக்கிறது என்று பார்த்துவிட்டுத்தான் பேனாவைத் தொடுவாள்.

"எழுதறவங்க எல்லாம் மேஜைமேல எழுதுவாங்கன்னு நினைச்சேன்" என்பாள் தங்கை. "நீ எழுதறதால எங்க வீட்ல கட்டிலுக்கடி மட்டும் சுத்தமா இருக்கு."

இந்த வேலையை யாரும் அவளுக்குச் சொல்லித் தரவில்லை. வேற்றுமொழிக் கார்ட்டூன்களுக்கு டப்பிங் செய்யும் ஓர் இடத்தில் தட்டச்சு வேலைக்குச் சேர்ந்தவள். வசனம் எழுதுகிறவர் காய்ச்சலில் படுத்த வாரத்தில், வேறு ஆள் கிடைக்காமல் இவளை உட்கார வைத்தார்கள். படத்தில் வாத்தின் அலகு மூடும் இடத்தில் ப, ம மாதிரி எழுத்து வரவேண்டும். திறக்கும் இடத்தில் ஆ. முகத்தைச் சுளித்து, தன் வாயையே அசைத்து அசைத்துப் பார்த்து எழுதினாள். தாடை வலித்தது. ஆனால் வாத்து தமிழில் பிறந்ததுபோல் பேசியது. பிறகு படக்கதைப் புத்தகங்கள். அங்கே கற்றுக்கொண்டது ஒன்றுதான்: படத்தில் மழை பெய்தால் எழுத்தில் மழை பெய்யக்கூடாது. அப்புறம்தான் இந்த நரிக்குட்டித் தொடர்.

இவ்வளவு கவனமான ஆள் எப்படிக் கோட்டைவிட்டாள் என்றால், சிரித்துவிட்டாள். அவ்வளவுதான்.

கண்ணாமூச்சி பற்றிய கதை அது. நரிக்குட்டி அட்டைப்பெட்டிக்குள் ஒளிகிறது என்று எழுதிக் கொடுத்திருந்தாள். படம் வரைகிறவருக்கு ரப்பர் என்று பட்டப்பெயர். வரைவதைவிட அழிப்பதுதான் அதிகம் என்பதால் வந்தது. அவர் அட்டைப்பெட்டியை அழித்துவிட்டு வாஷிங் மெஷினை வரைந்தார். வட்டக் கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் நரியின் மூக்கு அப்பளம்போல் நசுங்கியிருந்தது. பார்த்த மாத்திரத்தில் வசனக்கா வயிறு குலுங்கச் சிரித்தாள். "பெட்டியைவிட இதுதான்" என்று சொல்லி, வசனத்தையும் கதவுக்கு ஏற்றபடி மாற்றிக் கொடுத்தாள். குனிந்து பார்க்கவில்லை. அந்தத் தொழிலில் நல்ல படம் ஒன்று வந்துவிட்டால் அதை எதிர்த்து யாரும் பேசுவதில்லை.

அந்தச் சனிக்கிழமை சாயங்காலம் ஒளிபரப்பு. வாரத் தொடக்கத்திலிருந்தே முன்னோட்டம் ஓடிக்கொண்டிருந்தது. நசுங்கிய மூக்குதான் முன்னோட்டமே.

புதன்கிழமை தங்கை வீட்டுக்குப் போனவள், கை கழுவ உள்ளே போனாள். தங்கை மகள் வாஷிங் மெஷினுக்கு முன்னால் நின்றிருந்தாள். கதவு திறந்திருந்தது. பொம்மை முயல் ஏற்கெனவே உள்ளே போயிருந்தது. குழந்தையின் ஒரு காலும் உள்ளே இருந்தது.

"பெரியம்மா, நான் உள்ள போனதும் நீ கதவ மூடு. நரி மாதிரி மூக்கு வெக்கணும்."

வசனக்கா பாய்ந்து போனாள். குழந்தையை அப்படியே தூக்கிக்கொண்டு கூடத்துக்கு வந்தாள். "மெஷின்கிட்ட விடாதே" என்று தங்கை கையில் கொடுத்தாள். ஊரில் எத்தனை வீட்டில் இந்த மெஷின் இருக்கும், எத்தனை வீட்டில் இப்படி ஒரு பிள்ளை இருக்கும் என்றே மனசு ஓடியது. போட்ட செருப்பு இடம் வலம் மாறியதுகூடத் தெரியாமல் ஸ்டூடியோவுக்குக் கிளம்பினாள்.

தயாரிப்பாளர் நல்ல மனிதர்தான். ஆனால் புதன்கிழமை வந்து சனிக்கிழமைப் படத்தைக் கெடுக்கிறவர்களை அவருக்குப் பிடிக்காது.

"நீங்க பார்த்து சிரிச்ச படம்தானே வசனக்கா?"

"சிரிச்சேன். அதான் தப்பு."

"சரி, கடைசியில நரியோட அம்மா வந்து, 'குழந்தைகளே, யாரும் இப்படிச் செய்யாதீங்க'ன்னு ஒரு வரி சொல்லட்டும். முடிஞ்சுது."

"அம்மா சொல்றத உங்க வீட்ல யாராவது கேக்கறாங்களா? பிள்ளைங்க நரி செய்யறதத்தான் செய்வாங்க. அந்த வரிய வெச்சா, பார்க்காம விட்ட பிள்ளையும் என்னன்னு திரும்பிப் பார்க்கும்."

"இத்தனை வருஷத்துல எங்கயாவது ஏதாவது நடந்திருக்கா?"

"நடந்ததுக்கப்புறம் வந்து சொல்ல எனக்கு வாய் இருக்காது. முன்னோட்டத்த முதல்ல நிறுத்துங்க. மத்தத அப்புறம் பேசலாம்."

 அவர் போனை எடுத்து, அன்று சாயங்காலத்திலிருந்து முன்னோட்டம் வேண்டாம் என்றார்.

"இதுவரைக்கும் போனது?" என்றாள்.

"போனது போனதுதான்."



ரப்பர் விஷயத்தைக் கேட்டதும் நாற்காலியைத் திருப்பிக்கொண்டு சுவரைப் பார்த்து உட்கார்ந்தார். "என் ஆயுசுலயே ஒழுங்கா வந்த படம் அது ஒண்ணுதான்." சுவரிடம்தான் சொன்னார். அவள் அவர் மேஜையிலிருந்த பென்சில்களைச் சீவ ஆரம்பித்தாள். கெஞ்சினால் இன்னும் முறுக்கிக்கொள்வார் என்று தெரியும். வெகுநேரம் கழித்து அவரே, "என் பையனும் சனிக்கிழமைக்குத்தான் காத்துக்கிட்டிருக்கான்" என்றார். நாற்காலி திரும்பியது. "எதுக்குள்ள ஒளியலாம், சொல்லுங்க. முகத்த அப்படியே விட்டுடறேன், திரும்ப வரைய நேரம் இல்ல. சுத்தி இருக்கறத மட்டும் மாத்தறேன். வாய் மாறாது. வார்த்தைய நீங்க பார்த்துக்குங்க."

கதவு இருக்கக்கூடாது, மூடி இருக்கக்கூடாது, காற்று போகவேண்டும், விழுந்தால் அடிபடக்கூடாது. வசனக்கா வீட்டுக்குப் போய்த் துணிக்கூடையைக் கொண்டுவந்தாள். பக்கமெல்லாம் ஓட்டை போட்ட பிளாஸ்டிக் கூடை. ஸ்டூடியோத் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, அதைத் தலைமேல் கவிழ்த்துக்கொண்டாள்.

அந்தப் பக்கமாக வந்த தயாரிப்பாளர் நின்றார். "மூச்சு வருதா?"

"நல்லா வருது. உங்க கால் கட்டைவிரல்ல நகம் வெட்டணும், அதுகூடத் தெரியுது."

ரப்பர் வரைய ஆரம்பித்தார். அவள் நரியின் வாயசைவுகளை எண்ண ஆரம்பித்தாள். பெரும்பாலான வரிகள் எப்படியோ ஒட்டிக்கொண்டன. ஒன்றுதான் மல்லுக்கட்டியது. "கதவ மூடிட்டேன், யாரும் பார்க்க முடியாது" என்று நரி சொல்லும் இடம். அதுதான் கதையின் உயிர். கதவு போக வேண்டும், உதடு குவியும் இடத்தில் 'மூ' இருந்தாக வேண்டும். வரிவரியாக எழுதி அடித்தாள். "அதோ மூலையில" என்று ஒன்று வந்தது, அர்த்தம் நொண்டியது. கடைசியில் கூடையை மறுபடியும் கவிழ்த்துக்கொண்டு உள்ளேயிருந்து பேசிப் பார்த்தபோதுதான் கிடைத்தது: "தலைய மூடிட்டேன்." 'வ' வரும் இடத்தில் நரியின் கீழுதடு லேசாக மேலே போகும், புது வரியில் அதற்கு வேலை இல்லை. பிள்ளைகள் கவனிக்க மாட்டார்கள் என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். ஆனாலும் குரல் பதிவின்போது அந்த வரியை மட்டும் மறுபடி மறுபடி சொல்லவைத்து, நரிக்குக் குரல் கொடுக்கிற அம்மாளின் பொறுமையைச் சோதித்தாள்.

சனிக்கிழமை சாயங்காலம் தங்கை வீட்டில் டிவிக்கு முன்னால் உட்கார்ந்தாள். எல்லாரும் படத்தைப் பார்க்க, அவள் குழந்தையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கூடைக்குள் நரி வந்ததும் குழந்தையின் புருவம் சுருங்கியது.

"இது அந்தக் கண்ணாடி இல்லையே."

வசனக்கா அவள் பக்கம் குனிந்தாள். "நரி இடத்த மாத்திக்கிச்சு."

"ஏன்?"

"அங்க அதுக்குப் புடிக்கலையாம்."

குழந்தை அதை நம்பினாளா என்று தெரியவில்லை. படம் முடிந்ததும் எழுந்து உள்ளே போனாள். வசனக்காவும் பின்னாலேயே போய்க் கதவோரம் நின்றாள். ஒரு பக்கம் மெஷின், இன்னொரு பக்கம் துணிக்கூடை. குழந்தை நடுவில் நின்று இரண்டையும் மாறி மாறிப் பார்த்தாள்.  கூப்பிடக்கூடாது என்று வசனக்கா பல்லைக் கடித்துக்கொண்டாள்; மற்ற வீடுகளில் கூப்பிட அவள் இருக்கப்போவதில்லை.

குழந்தை கூடையைப் பிடித்துச் சாய்த்தாள். மடித்த துணியெல்லாம் ஈரத்தரையில் கொட்டியது. கூடை தலைமேல் ஏறியது.

"தலைய மூடிட்டேன்" என்றது கூடை.

"அக்கா, இப்பதான் மடிச்சு வெச்சேன்" என்று தங்கை வந்து தலையில் கை வைத்தாள். "உன் நரி வந்து துவைச்சுத் தருமா?"

வசனக்கா உட்கார்ந்து துணிகளைப் பொறுக்கினாள்.  அப்போது போன் அடித்தது. தயாரிப்பாளர். 

"ஒரு அம்மா போன் பண்ணாங்க வசனக்கா. அவங்க பையன் கூடையோடயே நடக்கறானாம், சாப்பிட வரமாட்டேங்கறானாம். உங்கள நல்லா வாழ்த்தினாங்க."

"வேற யாரும் பண்ணலையா? மெஷின்னு யாராவது?"

"இல்ல."

"நாளைக்கும் போன்கிட்ட ஒரு ஆள உட்கார வெய்யுங்க."

"நாளைக்கு ஞாயித்துக்கிழமை."

"பிள்ளைங்க வீட்ல இருக்கற நாளு."

 "சரி, நானே உட்கார்றேன்" என்றார்.

போனை வைத்துவிட்டு எழுந்தாள். மெஷின் கதவை அழுத்திப் பார்த்தாள். மூடித்தான் இருந்தது. மறுபடியும் அழுத்திப் பார்த்துவிட்டுத் தங்கையைக் கூப்பிட்டாள்.

"இதக் கட்டி வைக்க வீட்ல கயிறு ஏதாவது இருக்கா?"