கணப்புச் சுவரோரம்

நோர்வூட்டில் சரோஜா அக்காவின் சாவு வீட்டு வாசலில் என்னையும் பேசச் சொன்னார்கள். அவர் எல்லோருக்கும் நல்லவராக இருந்தார் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டேன். வேக்குவம் கிளீனர் கதையை அன்று சொல்லவில்லை. அதில் வரும் கவிதா எதிரே நின்று அழுதுகொண்டிருந்தாள். இப்போது அவளிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன்.

சாவுச் செய்தியைப் போனில் சொன்னவளும் அவள்தான். "சரோக்கா போயிட்டாங்கக்கா."

நுவரெலியாவில் மூவரும் ஒரே ஹோட்டலில் வேலை பார்த்தோம். நான் வரவேற்பு மேசையில். அறைகளைச் சுத்தம் செய்யும் பெண்களுக்கு அக்கா பொறுப்பு. கவிதா அப்போது புதியவள். தேயிலைத் தோட்டத்து லய வீட்டில் அம்மாவும் தம்பியும் அவள் சம்பளத்தை நம்பி இருந்தார்கள்.

ஏப்ரல் சீசன். மத்தியானம் ஒரு கல்யாணக் கூட்டம் வரவேண்டும். மண்டபத்துக் கம்பளத்தின் தூசியைக் கவிதா பாதி உறிஞ்சியபோது வேக்குவம் மெஷின் நின்றுவிட்டது. மறுபடி எழவேயில்லை. மெனேஜர் வந்தார். "கெடுத்தவள இன்னைக்கே வீட்டுக்கு அனுப்புங்க."

கவிதாவின் உதடு வெளுத்தது. அக்கா குரலை உயர்த்தவில்லை.

"யாரு கெடுத்தாங்கன்னு அப்புறம் கேப்போம் சேர். கெட்டுத்தான் போச்சான்னு மொதல்ல பாப்போம்."

மேசை விளக்கை அதே பிளக்கில் சொருகினார், எரிந்தது. மெஷினின் வயரைத் தலை முதல் கால் வரை விரலால் தடவினார், வெட்டு இல்லை. பையைக் கழற்றினார். கணப்பிலிருந்து உறிஞ்சிய சாம்பல் மாவாக அடைத்திருந்தது. கொட்டி, வடிகட்டியைத் தட்டி மாட்டினார். ஸ்விட்சைப் போட்டார். சத்தமில்லை.

மெனேஜர் கடிகாரத்தைப் பார்த்தார். அக்கா மெஷினின் முதுகில் உள்ளங்கையை வைத்தார்.

"காய்ச்சலா கொதிக்குதே. நின்னதும் எங்கடி வச்ச?"

"கணப்புச் செவுத்தோரமாக்கா. பனி எறங்கிருச்சோன்னு காய வச்சேன்."

எனக்கு அது தவறாகவே தோன்றியிருக்காது. ரேடியோவோ, போனோ, எது மக்கர் செய்தாலும் ஈரம் என்று சொல்லி நெருப்போரம் வைப்பவர்கள்தானே நாங்கள்.

"நல்லா வச்ச போ. கொதிக்கிற புள்ளைக்குக் கம்பளி போத்துன மாதிரி." அக்கா சிரித்தார். "சூடு மிஞ்சினா இது தானாவே அடங்கிரும். ஆறினாத்தான் எந்திரிக்கும்."

வயரைச் சுற்றி, மெஷினைத் தூக்கிப்போய் வெளி விறாந்தையில் பனிக்காற்றில் வைத்தார். பக்கத்திலேயே நின்றார். மெனேஜர் இரண்டு முறை எட்டிப் பார்த்தார். அக்கா நகரவுமில்லை, மறுபடி ஸ்விட்சைத் தொடவுமில்லை. ஒரு பெண்ணின் பிழைப்பு தொங்கிக்கொண்டிருக்கையில் ஒருவரால் இப்படிக் காத்திருக்க முடியும் என்பதை வாய்பிளந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

மெஷின் ஆறியதும் உள்ளே கொண்டுவந்து ஸ்விட்சைப் போட்டார். இரைந்தது.

"என்னவாம்?" என்றார் மெனேஜர்.

"தூசி அடைச்சிருச்சு சேர். எடுத்தாச்சு."

கவிதா சுவரோரம் வைத்ததைப் பற்றி ஒரு சொல் இல்லை. பொய்யும் இல்லை.

அக்காவிடமிருந்து என்னிடம் மிஞ்சியிருப்பது, அன்று மெனேஜரிடம் அவர் முதலில் சொன்னதுதான். யார் மீதாவது கோபம் வரும்போதெல்லாம் அவர் குரலிலேயே அது கேட்கிறது: கெட்டுத்தான் போச்சா?

கவிதாவை யாரும் வீட்டுக்கு அனுப்பவில்லை. அக்காவின் காரியம் முடிந்த மறுவாரம், அவர் பார்த்த பொறுப்பை அவளிடம் கொடுத்தார்கள்.