இரண்டு இன்சூரன்ஸுக்கு நடுவில் ஒரு கார்

வீட்டைக் கவனிக்கிற தொழிலுக்குச் சம்பளமும் இல்லை, லீவும் இல்லை. ஆனால் வீட்டில் எது ஓடினாலும், எரிந்தாலும், ஒழுகினாலும் அதற்குப் பதில் சொல்ல வேண்டியவள் வீட்டுக்காரிதான். எங்கள் வீட்டுக் காரை இவரும் ஓடுவார், நானும் ஓடுவேன். ஆனால் புகைப் பரிசோதனை எப்போது, வருட லைசன்ஸ் எப்போது, இன்சூரன்ஸ் எப்போது முடிகிறது என்று கேட்டால் இவர் என் முகத்தைப் பார்ப்பார். முருங்கன் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்குக் கணக்குப் படிப்பிக்கிற மனிதர், என் கணவர். இதை வாசிக்கிற உங்களில் பலருக்கும் வீட்டில் இப்படி ஒருவர் இருப்பார், அதனால் மேலே விளக்கம் வேண்டாம்.

இந்த வருடம் கார் இன்சூரன்ஸை வேறொரு கொம்பனிக்கு மாற்றினேன். நாலு தாளில் முடிகிற வேலை என்றுதான் நானும் நினைத்தேன்.

கழுதையின் விலாசம்

மாற்ற வேண்டிவந்தது ஒரு கழுதையால். மன்னார் பஸ் நிலையத்துக்குக் கிட்ட காரை நிறுத்திவிட்டு மீன் வாங்கப் போனேன். திரும்பி வந்தால் பின்கதவு நெளிந்து கிடக்கிறது. பக்கத்தில் ஒரு கழுதை, ஒன்றும் தெரியாத முகத்தோடு கடதாசி சாப்பிட்டுக்கொண்டு நிற்கிறது. அது உதைத்ததைப் பார்த்த மூன்று பேர், அது எப்படி உதைத்தது என்று எனக்குச் செய்தும் காட்டினார்கள். எங்கள் ஊர்த் தெருக்களில் கழுதைகள் தம் பாட்டில் திரியும். அவற்றுக்கு வீடும் இல்லை, ஆளும் இல்லை.

முழு இன்சூரன்ஸ் போட்ட கார்தானே என்று கொம்பனியின் கொழும்புக் கந்தோருக்குத் தொலைபேசி எடுத்தேன். எடுத்தவர் இன்னொருவரிடம் கொடுத்தார், அவர் வேறொருவரிடம் கொடுத்தார். ஒவ்வொருவருக்கும் முதலிலிருந்து கழுதையை உதைக்க வைத்தேன். மாதக்கணக்காக இப்படியே போனது. கடைசியில் வந்தவர் நல்ல பணிவான பெடியன். எல்லாவற்றையும் எழுதிக்கொண்டு, ஒரே ஒரு விஷயம்தான் குறைகிறது என்றார்.

"அந்த மிருகத்துட உரிமையாளர் பெயரும் அட்ரஸும் மட்டும் எடுத்துத் தாங்க மேடம், மத்ததெல்லாம் நாங்க பார்த்துக்கிறோம்."

கண்ணாடிக் கதவுக்கு உள்ளே

கதவை எங்கள் செலவில் நிமிர்த்திக்கொண்டு, பட்டணத்தில் இருக்கிற வேறொரு கொம்பனிக்குப் போனேன். கண்ணாடிக் கதவு, குளிர், மேசைக்குப் பின்னால் ஒரு பிள்ளை. பேசத் தொடங்கியதுமே, நான் படித்த கொன்வென்றில் படித்த பிள்ளை என்று தெரிந்துவிட்டது. வசனத்தை முடிக்காமல் விடுகிற பழக்கம் அங்கே யாருக்கும் வராது.

அவள் விளக்கியதை உங்களுக்கும் சொல்லிவைக்கிறேன், பயன்படும். பழைய இன்சூரன்ஸ் முடிகிற அன்றே புதியது தொடங்க வேண்டும். நடுவில் ஒரு நாள் விழுந்தாலும், அன்றைக்கு யாரையாவது இடித்துவிட்டால் நம் வீட்டை விற்றுத்தான் பதில் சொல்ல வேண்டிவரும். இத்தனை வருடம் நட்டஈடு வாங்கவில்லை என்று பழைய கொம்பனி எழுதித் தந்தால் புதிய இடத்தில் கட்டுகிற காசில் கழிவு உண்டு. கழுதைக்கு அவர்கள் ஒரு சதமும் தராதபடியால் அந்தக் கழிவு எனக்கு முழுதாக இருந்தது. அந்த அளவுக்கு அவர்களுக்கு நன்றி. முழு இன்சூரன்ஸ் எடுப்பதென்றால் காரை ஒருவர் நேரில் பார்த்துப் படமெடுக்க வேண்டும். அவர் வவுனியாவிலிருந்து வியாழக்கிழமைகளில்தான் வருவார். எங்கள் பழைய இன்சூரன்ஸ் மாதக் கடைசிவரை இருந்தது. அவகாசம் தாராளம். நான் எழும்பும்போது அந்தப் பிள்ளை குரலைத் தாழ்த்தியது.

"அன்ரி, புதுசு கையில வருமட்டும் பழைய ஏஜென்ட்டுக்கு வாயே திறக்காதேங்கோ."

சொல்லிவிட்டுச் செய்வது

நல்ல புத்திமதிதான். ஆனால் எங்கள் பழைய ஏஜென்ட் அருள், எங்கள் மகளின் ஞானத்தகப்பன். ஞானஸ்நானத் தொட்டிக்கு முன்னால் அவளை ஏந்தி நின்றவர். அவள் இப்போது யாழ்ப்பாணத்தில் கம்பஸில் படிக்கிறாள், இன்றைக்கும் பிறந்தநாளுக்கு முதல் அழைப்பு அவருடையதுதான். ஒவ்வொரு வருடமும் இன்சூரன்ஸ் தாளைத் தானே வீட்டுக்குக் கொண்டுவந்து, ஒரு தேத்தண்ணி குடித்துவிட்டுப் போவார்.

"அருளுக்குச் சொல்லாமல் செய்துபோட்டுக் கோயில்ல அவரின்ர முகத்தில எப்பிடி முழிக்கிறது?" என்றார் இவர். எங்கள் பக்கத்தில் வேண்டிய ஒருவரை விட்டுவிட்டு இன்னொருவரிடம் போவதென்றால், கையில் ஏதாவது கொண்டு, நேரில் போய், இருந்து சொல்ல வேண்டும். ஞாயிறு பூசை முடிய ஒரு பட்டர் கேக்கோடு போனோம். கழுதைக் கதையையும் கொம்பனி மாறுகிற கதையையும் அருள் சிரித்த முகத்தோடு கேட்டுக்கொண்டிருந்தார். அவருடைய அம்மா அந்தக் கேக்கையே வெட்டி எங்களுக்குக் கொண்டுவந்து வைத்தார். பிறகு அருள் ஒரு வெள்ளைத்தாள் எடுத்து நீட்டினார். இனி இந்த இன்சூரன்ஸ் வேண்டாம் என்று இவர் எழுதிக் கையெழுத்து வைத்தார். எந்தத் தேதியோடு நிறுத்துவது என்பதை எழுதவில்லை.

என் கண்ணில் அது பட்டது. கடிதம் எழுதினால் முதலில் தேதி என்று சிஸ்டர்மார் அடித்துப் பழக்கிய கண் இது. ஆனால் ஒருவரை நோகப்பண்ண வந்த வீட்டில் இருந்துகொண்டு, "தேதியையும் போடுவம்" என்று சொன்னால், உங்களை நம்பவில்லை என்று சொல்வதுபோல் ஆகிவிடும். பேசாமல் இருந்தேன். என்னைத் தெரிந்தவர்கள் இதை நம்பமாட்டார்கள். வாசல்வரை வந்து அருள் சொன்னார்:

"அக்கா, நீங்கள் இனி ஒண்டுக்கும் அலையாதேங்கோ. எல்லாம் நான் பாக்கிறன்."

எல்லாம் பார்த்த விதம்

செவ்வாய்க்கிழமை காலை இவர் காரைப் பின்னுக்கு எடுத்துக்கொண்டிருக்கும்போது அருளின் அழைப்பு வந்தது. நேற்றுக் காலையே கடிதத்தைக் கொழும்புக்கு அனுப்பி, அப்போதிருந்தே இன்சூரன்ஸை நிறுத்தியாகிவிட்டதாம். கழிவுக்கான கடிதமும் வருமாம். அவர் குரலில் ஒரு நல்ல காரியம் செய்த நிறைவு.

நான் தொலைபேசியும் கையுமாக ஓடிப்போய்க் காருக்குப் பின்னால் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றேன். எனக்கு ஏதோ பிடித்துவிட்டது என்று இவர் நினைத்திருக்கிறார். விஷயத்தைச் சொன்னதும் காரை நிறுத்தித் திறப்பைக் கழற்றி என் கையில் தந்துவிட்டு, பஸ்ஸுக்கு நடந்தார். முதல் நாள் இதே காரில் முருங்கனுக்குப் போய் வந்திருக்கிறார். கடலுக்கு நடுவால் போகிற தாம்போதியில் மோட்டார் சைக்கிள்கள், பள்ளிக்கூடம் விடுகிற நேரத்துச் சைக்கிள்கள், அத்தனைக்கும் நடுவால். ஒன்றும் நடக்கவில்லைதான்.

கண்ணாடிக் கதவுப் பிள்ளையைக் கேட்டேன். முழு இன்சூரன்ஸ் என்றால் எப்படியும் வியாழன்தான், அதுவரை காரைக் கொட்டிலில் விடுங்கள் என்றாள். பிறகு அருளை அழைத்து, மாதக் கடைசிவரை இருந்ததை ஏன் இப்படி அவசரமாக வெட்டினீர்கள் என்று கேட்டேன்.

"வேண்டாம் எண்டு வந்து சொன்ன ஆக்களை நான் ஒரு நாள் கூடப் பிடிச்சு வைச்சிருந்தனான் எண்டு பேர் வரக்கூடாது, அக்கா."

புதன்கிழமை வாசலில்

அடுத்த நாள் காலை ஹெல்மெட்டைக் கையில் பிடித்துக்கொண்டு அருள் வாசல் படலையில் நின்றார். இவர் பஸ்ஸில் பள்ளிக்கூடம் போய்விட்டார். வாங்கோ என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, ஆனாலும் சொன்னேன். அவர் உள்ளே வரவில்லை.

அவருடைய அம்மாவுக்கு அன்றைக்குப் பின்னேரம் வவுனியா ஆஸ்பத்திரியில் நெஞ்சு ஸ்கேன். எத்தனையோ மாதம் காத்திருந்து கிடைத்த நாள். தவறவிட்டால் திரும்ப வரிசையின் கடைசி. பேசிவைத்த வான்காரன் வழியில் வண்டி நின்றுவிட்டது என்கிறான். மற்ற வான்கள் எல்லாம் ஒரு கலியாணத்துக்குப் போய்விட்டன. நாலு அடி நடந்தால் மூச்சு வாங்குகிற மனுஷியை பஸ்ஸில் ஏற்ற முடியாது. அருளிடம் இருப்பது மோட்டார் சைக்கிள் ஒன்றுதான். சொல்லிக்கொண்டு வந்தவரின் கண் கொட்டிலுக்குள் நிற்கிற காரில் ஒரு தரம் பட்டு, உடனே நிலத்துக்குப் போனது.

"கார் கேக்க வரேல்லை, அக்கா. வேற ஆரும் வான்காரரைத் தெரியுமோ எண்டு கேக்கத்தான் வந்தனான்."

எதிர்க் கொம்பனியின் கதிரை

சீலையை மாற்றிக்கொண்டு திறப்பை எடுத்தேன். ஆனால் இன்சூரன்ஸ் இல்லாத காரைத் தெருவில் ஏற்ற நான் தயாரில்லை, யாருடைய அம்மாவானாலும். கண்ணாடிக் கதவுப் பிள்ளைக்கு அழைத்துக் கேட்டேன். மூன்றாம் ஆளுக்கான இன்சூரன்ஸுக்குக் காரைப் பார்க்கத் தேவையில்லை, வந்தால் உடனே தரலாம் என்றாள். நாங்கள் இடித்தால் இடிபட்டவருக்குக் கிடைக்கும். எங்கள் காருக்கு ஒன்றும் கிடைக்காது. அது போதும். அருளின் பின்னால் மோட்டார் சைக்கிளில் ஏறிப் பட்டணத்துக்குப் போனேன்.

வெளியில் நிற்கிறேன் என்றார். வாங்கோ, தாளைப் பார்த்துச் சொல்ல ஆள் வேண்டும் என்று உள்ளே கூட்டிக்கொண்டு போனேன். மற்றக் கொம்பனியின் கதிரையில், விளிம்பில், ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். அவரை யாரென்று தெரியாத அந்தப் பிள்ளை தண்ணீர் கொடுத்து உபசரித்தது. பிறகு என் பக்கம் திரும்பியது.

"நான் அண்டைக்கே சொன்னனான் எல்லோ, அன்ரி. என்ன ஏஜென்ட் அந்த ஆள்? எந்தத் தேதியில இருந்து நிப்பாட்டுறது எண்டு ஒரு சொல்லுக் கேக்கத் தெரியாதோ?"

எனக்குச் சொல்ல எவ்வளவோ இருந்தது. சுவரில் இருந்த கலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அருள் தண்ணீரைக் குடித்து முடித்துக் கிளாஸை மேசையில் வைத்தார்.

"தெரியும், பிள்ளை. ஆளுக்கு மனம் நொந்துபோச்சு, அதுதான்."

வவுனியா றோட்டு

தாளோடு வந்து காரை எடுத்தேன். அம்மா பின் சீற்றில், அருள் எனக்குப் பக்கத்தில். தாம்போதியில் ஏறினோம். எதிரில் ஒரு சைக்கிள் வந்தாலும் அருளின் வலது கால் இல்லாத பிரேக்கை மிதித்தது. முருங்கன் தாண்டியதும் அவர் கேட்டார், கதவு நெளிந்த அன்றைக்குக் கொழும்புக்கு எடுத்த நான் ஏன் தனக்கு ஒரு சொல்லுச் சொல்லவில்லை என்று. அது அவருக்கு ஞாயிற்றுக்கிழமைதான் தெரிய வந்ததாம். கேக்கைப் பார்த்துவிட்டு அதைக் கேட்கவும் முடியவில்லையாம்.

"உங்களைக் கரைச்சல்படுத்தக் கூடாது எண்டுதான்," என்றேன். அது உண்மை. சொந்தம்போல இருக்கிறவரிடம் காசு விஷயத்துக்குப் போய்த் தொந்தரவு கொடுக்கக் கூடாது என்று நானாகவே ஒரு சட்டம் போட்டிருந்தேன். அதை அவர் நான் தன்னை ஒதுக்கியதாக எடுத்திருக்கிறார். நான் முறையிடாததால் அவருக்கு நோவு, அவர் நோவைச் சொல்லாததால் எனக்கு இன்சூரன்ஸ் இல்லை. இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் மரியாதை செய்துகொண்டிருந்த அந்த இடைவெளியில்தான் இவர் முருங்கனுக்குப் போய் வந்திருக்கிறார்.

"கரைச்சல் குடுத்திருக்கலாம், அக்கா," என்றார் அருள்.

"இனிக் குடுப்பன், பயப்படாதேங்கோ," என்றேன்.

பின் சீற்றிலிருந்து மூச்சை இழுத்து இழுத்து அம்மா பேசினார். மனுஷி அதுவரை நித்திரை என்று நினைத்திருந்தோம்.

"நீங்கள் ரெண்டு பேரும் பிறகு கதையுங்கோ, பிள்ளை. முன்னால மாடு நிக்குது."

ஸ்கேனுக்கு நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம், வியாழனன்று காரையும் பார்த்துப் படமெடுத்துப் புதிய இன்சூரன்ஸும் தந்துவிட்டார்கள். ஆகவே என் தொழில் அனுபவத்தில் சொல்கிறேன், புதியது கையில் வருமுன் பழையதை விடாதீர்கள், நிறுத்துகிற தேதியை உங்கள் கையாலேயே எழுதுங்கள், ஏஜென்ட் உங்களுக்கு வேண்டியவராக இருந்தால் மரியாதையைப் பிறகு பார்த்துக்கொண்டு முதலில் அவரோடு நன்றாக ஒரு சண்டை பிடியுங்கள்.