முதுகில் தைத்த சிவப்பு

உங்கள் அம்மாவின் பழைய சிவப்புச் சேலையில் சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு ஒரு வட்டம் வெட்டியிருக்கிறதே, யார் வெட்டியது என்று கேட்டீர்கள். நான்தான் வெட்டச் சொன்னேன். எழுபதுகளின் தொடக்கம் அது, நீங்கள் பிறக்கவில்லை. இந்த நாட்டுக்கு வந்த புதிதில், இதே நகரத்தின் நோத்ர-டாம்-த-கிரேஸ் பகுதியில் குடியிருந்துகொண்டு ஒரு மரக்கிடங்கில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். என் மேஸ்திரி ஜெர்மன்காரர். எனக்கு விரல் விறைத்தால் தன் கையுறையைக் கழற்றித் தந்துவிட்டு வெறுங்கையோடு பலகை அடுக்குவார். "இந்த ஊர் மரத்தைச் சின்ன வயதிலிருந்தே எனக்குத் தெரியும்" என்பார். எப்படி என்று கேட்டால் பேச்சை மாற்றிவிடுவார்.

ஒருநாள் பனி கொட்டும்போது பின்பக்கமாக வந்த லாரி அவரை இடிக்கப் பார்த்தது. அவருடைய சாம்பல் நிறக் கோட்டு டிரைவரின் கண்ணில் படவில்லை. கிறிஸ்துமஸுக்கு அவருக்கு ஒரு புதுக் கோட்டு வாங்கினேன். புதுத்துணி ஓரத்தில் குங்குமம் வைத்துக் கொடுப்பது நம் வழக்கம் அல்லவா? "ஓரத்துல வச்சா லாரிக்காரனுக்குத் தெரியுமா?" என்று உங்கள் அம்மா சிரித்தாள். அப்படியானால் முதுகிலேயே பெரிதாக இருக்கட்டும் என்று சேலையை வட்டமாக வெட்டித் தைத்தோம்.

கிடங்கில் எல்லாரும் பார்க்க நானே பின்னால் நின்று அவருக்குப் போட்டுவிட்டேன். "என்ன அண்ணை, பொட்டை முதுகிலயோ வைக்கிறது?" என்றார் கூட வேலை செய்த யாழ்ப்பாணத்து நண்பர். வயதான லாரி டிரைவர் ஒருவர் மட்டும் உற்றுப் பார்த்தார். "கைதிச் சட்டை. போர்க்காலத்தில் நான் காவல் நின்ற முகாமில் ஜெர்மன் கைதிகள் எல்லார் முதுகிலும் இதே வட்டம்தான். ஓடினால் சுடுவதற்குக் குறி" என்றார்.

மேஸ்திரி கோட்டைக் கழற்றித் திருப்பிப் பார்த்தார். "எந்த முகாம்?" என்று கேட்டார்.

அத்தனை வருடம் அவர் மறைத்து வைத்திருந்தது அந்த ஒரு கேள்வியில் வெளியே வந்துவிட்டது. பையனாகப் போருக்குப் போய்ப் பிடிபட்டு, கப்பலில் இங்கே கொண்டுவரப்பட்டு, முகாமிலிருந்து காட்டுக்குப் போய் மரம் வெட்டியவர். போர் முடிந்து சொந்த நாட்டுக்குத் திருப்பி அனுப்பிய பிறகும் இந்த மண் பிடித்துத் தானாகவே வந்தவர். மறுநாளிலிருந்து அவரைக் 'கைதி' என்றே கூப்பிட்டார்கள். நான் வாயைத் திறக்கவில்லை. எங்கே என் வேலை போய்விடுமோ என்று பயம். ஒரு வாரத்தில் அவர் வேலையை விட்டு நின்றுவிட்டார்.

அவர் தங்கியிருந்தது ரொக்ஸ்பரோவில். ரயில் ஏறினால் போய்விடலாம். எந்த முகத்தோடு போவது என்று தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்து, பனி உருகிய பிறகுதான் போனேன். வேறு ஊருக்குப் போய்விட்டார் என்றாள் வீட்டுக்காரம்மா.

"வட்டத்தைப் பிரித்துவிட்டு, குளிர் முடியும்வரை அந்தக் கோட்டைத்தான் போட்டுக்கொண்டிருந்தார். ஞாயிற்றுக்கிழமை எங்கேயும் போகமாட்டார். இந்தியப் பையன் வருவான் என்பார்."

இப்போது கோயிலுக்குப் போகும்போது கார் ரொக்ஸ்பரோ பக்கம் திரும்பினால் நான் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொள்வதைப் பார்த்திருப்பீர்கள். அந்த ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்கு ஒரு வேலையும் இருக்கவில்லை. வீட்டில்தான் இருந்தேன்.